அமைச்சர் எழுதிய பலகை

முன்னொரு காலத்தில், எந்த நாடு என்று கேட்காதீர்கள், ஓர் அரசர் இருந்தார். நல்லவர்தான். ஆனால் அடுத்தவர் வேலையில் மூக்கை நுழைப்பதில்லை என்று ஒரு பிடிவாதம் அவருக்கு. அந்தப் பிடிவாதத்தின் நிழலில் பொதுப்பணி அமைச்சர் வில்லவராயர் நிம்மதியாகத் தூங்கிக்கொண்டிருந்தார்.

ஒருநாள் காலையில் நல்லக்காள் சபைக்கு வந்து கும்பிட்டாள். மண்வெட்டும் கூட்டம் ஒன்றுக்குத் தலைவி அவள்.

"ஏரிக்கரையை உசத்துற வேலைக்கு எங்களோட சேத்து மூணு கூட்டம் ஓலை கொடுத்து நாலு மாசமாச்சு, சாமி. உண்டுன்னும் சொல்லல, இல்லைன்னும் சொல்லல. ஆனைக்குளத்துல குளம் வெட்டக் கூப்பிடுறாங்க. முடிவு வர்ற வரைக்கும் கோட்டையை விட்டுப் போகக் கூடாதுன்னு வாசல்ல பலகை போட்டிருக்காங்க. மழை விழுந்துட்டா மண்ணுல கை வைக்க முடியாது. முப்பது பேரு பொழப்பு, சாமி."

"பரிசீலனையில் இருக்கிறது, அரசே" என்றார் வில்லவராயர்.

அரசருக்கு மனம் இளகியது. "ஆனாலும் யாருக்கு வேலை என்று நான் சொல்லிவிட்டால் அமைச்சர் எதற்கு?" என்று விகடகவி நாகூத்தனைப் பார்த்தார்.

அரசர் அவனைப் பார்த்தாலே வில்லவராயருக்கு வயிறு எரியும். "அரசே, இவருக்குத்தான் எல்லாம் தெரியுமே! யாருக்கு என்று சொல்லாமல், என்னைத் தண்டிக்காமல், புது ஆணையும் இல்லாமல், இன்று பொழுது சாய்வதற்குள் முடிவை வரவழைக்கட்டும். முடியாவிட்டால் நாட்டை விட்டே போகட்டும்!"

அரசருக்கு வேடிக்கை என்றால் போதுமே. "அப்படியே ஆகட்டும்" என்றார்.

நாகூத்தன் பணிவாகக் கேட்டான்: "ஒரே ஓர் ஐயம், அமைச்சரே. அந்த ஏரி வேலையோடு தங்களுக்குத் தொடர்பு உண்டா?"

"என்னைவிட யாருக்கு ஐயா அதிகத் தொடர்பு?"

"சபையோர் கேட்டுக்கொள்ளட்டும்" என்றவன் நேரே கோட்டை வாசலுக்குப் போய்க் காவலனிடம் அமைச்சர் சொன்னதை அப்படியே சொல்லிவிட்டு, வெற்றிலை போட உட்கார்ந்துவிட்டான்.

மத்தியானம் அமைச்சர் பட்டு உடுத்திப் பல்லக்கில் வந்தார். பக்கத்து ஊரில் அவர் மகளுக்கு வளைகாப்பு. காவலன் ஈட்டியைக் குறுக்கே நீட்டிப் பலகையை எழுத்துக்கூட்டிப் படித்தான்: "ஏரி வேலையோடு தொடர்புடைய எவரும் முடிவு அறிவிக்கும்வரை கோட்டையை விட்டு வெளியேறலாகாது."

"அதை எழுதியதே நான்தானடா!"

"ஆமாங்க. யாரையாச்சும் விட்டா என் வேலை போயிரும்னு சொன்னதும் நீங்கதானுங்க."

கத்திப் பார்த்தார். கெஞ்சிப் பார்த்தார். கடைசியில் நல்லக்காளின் கழுதைகளுக்குப் பக்கத்தில் மதிலோரம் உட்கார்ந்தார். அவள் ஒரு கலயத்தில் கம்பங்கூழ் நீட்டினாள். பாவம், பசி. வாங்கிக் குடித்தார்.

"தப்பான ஆளுக்குக் கொடுத்துவிட்டேன் என்று நாளைக்கு யாராவது சொன்னால்? அந்தப் பயம்தான் அம்மா" என்றார் மெதுவாக.

"வேணாம்னாச்சும் சொல்லிடுங்க, சாமி. நாங்க எங்க வழியைப் பாத்துக்குறோம்."

வில்லவராயருக்கு என்னவோபோல் ஆகிவிட்டது. ஓலைகளைக் கொண்டுவரச் சொல்லி மூன்றையும் படித்தார். பொழுது சாயுமுன் முடிவு வந்தது. வேலை நல்லக்காளுக்கு இல்லை. இரண்டு மடங்கு ஆள் வைத்திருந்த மூங்கிலூர்க் கூட்டத்துக்கு.

செய்தி கேட்டு வாசலுக்கே வந்த அரசர், "தோற்றுவிட்டாயே, அம்மா" என்று வருந்தினார்.

"தெரிஞ்சுபோச்சுல்ல, சாமி! அது போதும்." அவள் அதற்குள் கூடைகளைக் கழுதைமேல் ஏற்றியிருந்தாள். "நாளைக்குக் காலையில ஆனைக்குளத்துல எங்க மண்வெட்டி விழும்."

அமைச்சரின் பல்லக்கும் அவள் கழுதைகளும் ஒன்றாகவே வெளியேறின. அரசர் சிரித்துக்கொண்டே தம் பட்டுச் சால்வையை நாகூத்தனுக்குப் போர்த்தி, "இன்னும் என்ன வேண்டும், கேள்" என்றார்.

"பலகையில் 'ஏரி வேலையோடு' என்பதை அழித்து, 'எந்த மனுவோடும்' என்று எழுத வேண்டும், அரசே."

"எழுதிக்கொள்!"

மறுநாள் விடிந்ததும் அரசர் வேட்டைக்குக் கிளம்பினார். வாசலில் ஈட்டி குறுக்கே நீண்டது. "மன்னிக்கணும், மகாராசா. உங்ககிட்ட முடிவு சொல்லாத மனு பதினேழு இருக்குதாமே?"

அரசர் வயிறு குலுங்கச் சிரித்தார். பிறகு தேரைத் திருப்பினார். அந்த மாதம் முழுக்க, காட்டிலிருந்த மான்களுக்கு நல்ல காலம்.