ரொட்டி தின்ற பனிமான்

வரைபடத்தில் வட உச்சிக்கு அருகே, ஊர்ப்பெயர் எதுவும் இல்லாமல் வெள்ளையாகக் கிடக்கும் நிலம் அது. மரம் முளைக்காது. ஐந்து குடும்பங்கள் அங்கே பனிமான் மேய்த்தன. எப்போது புறப்படுவது, எங்கே தங்குவது என்று அவர்களுக்குச் சொல்பவர் ஹத்னே. வயது ஐம்பது. கணவர் இறந்த நாளிலிருந்து மந்தை அவர் சொல்லுக்குத்தான் நடந்தது. அவரைக் குரு என்று யாரும் அழைத்ததில்லை. ஆனால் மாணவன் ஒருவன் இருந்தான். கணவரின் தம்பி எடெய்கோ.

எடெய்கோ பத்தொன்பது வருடம் எண்ணெய்க் கம்பெனியில் லாரி ஓட்டியவன். நாற்பத்து மூன்று வயதில் முதுகு போயிற்று. கம்பெனி அனுப்பிவிட்டது. அண்ணியிடம் வந்து நின்றான்.

"மான் மேய்க்கக் கற்றுக்கொடுங்கள் அண்ணி."

"மானுக்கு கியர் கிடையாது" என்றார் ஹத்னே. "பரவாயில்லையா?"

"பழகிக்கொள்கிறேன்."

மூன்று வருடத்தில் ஓரளவு பழகினான். ஒரு தவறு மட்டும் செய்தான்.

தாய் செத்த குட்டியைக் கூடாரத்துக்குள் வைத்து, ரொட்டியும் மீனும் ஊட்டி வளர்ப்பது அந்த மக்களின் வழக்கம். அப்படி வளர்ந்த மானை அவர்கள் கொல்லமாட்டார்கள். இரண்டாவது குளிர்காலத்தில் அதை மந்தையில் விட்டுவிடுவார்கள். எடெய்கோ தன் குட்டியை விடவில்லை. மூன்றாவது வருடமும் கையால் ஊட்டினான். யார் கூடாரத்துக்குள்ளும் கேட்காமல் நுழைந்து மூட்டைகளை முகர்ந்து பார்த்ததால் அதற்கு இன்ஸ்பெக்டர் என்று பெயர் வந்தது. எடெய்கோ டீசல் வாங்கக் கம்பெனி முகாமுக்குப் போனால் அதுவும் பின்னாலேயே போகும். அங்கே கேன்டீன் சமையல்காரர் அதற்கு ரொட்டி போடுவார்.

ஹத்னே ஒருமுறை கேட்டார். "இதை எப்போது விடப் போகிறாய்?"

"பாவம் அண்ணி. போக மாட்டேன் என்கிறது."



அந்த ஏப்ரலில் கம்பெனி அதிகாரி லுகின் ஹெலிகாப்டரில் வந்தார். மான்கள் குட்டி போடும் சமவெளியில் புதிய எண்ணெய்க் கிணறு தோண்ட வேண்டும், அதற்குச் சாலையும் குழாயும் வேண்டும் என்றார். சமவெளி எடெய்கோவின் தந்தை பெயரில் பதிவானது. தந்தையும் அண்ணனும் இறந்துவிட்டதால் இப்போது அவன் கையெழுத்து ஒன்று போதும். கையெழுத்துப் போட்டால் ஐந்து குடும்பங்களுக்கும் குடியிருப்பில் வீடு. வாரம் ஒருமுறை ரொட்டி, மாவு, டீசல். எண்ணெய் வரும்வரை இதெல்லாம் வரும்.

"நான்காம் நாள் வருகிறேன்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

எடெய்கோவால் உட்கார முடியவில்லை. முந்தைய குளிர்காலத்தில் பனிமேல் மழை பெய்து, அது கண்ணாடிபோல் உறைந்துவிட்டது. குளம்பால் உடைக்க முடியாமல் முந்நூறு மான்கள் பட்டினியில் செத்தன. எஞ்சியவை பிழைத்ததே லுகின் அனுப்பிய தீவனத்தால்தான். ஆனால் குழாய் வந்த இடத்துக்கு மந்தை திரும்புவதில்லை என்பதும் அவனுக்குத் தெரியும். பனிமான் குழாயைத் தாண்டாது. குனிந்து அடியிலும் போகாது.

"அண்ணி, கையெழுத்துப் போடலாமா?"

ஹத்னே கிழிந்த சேணத்தைத் தைத்துக்கொண்டிருந்தார்.

"இன்ஸ்பெக்டருக்கு இன்று ரொட்டி வைத்தாயா?"

"வைத்தேன்."

"நாளையிலிருந்து வைக்காதே. மந்தைக்குள் கொண்டுபோய் விடு. நீயும் பக்கத்தில் நில்."

"நான் கேட்டது..."

"காதில் விழுந்தது."

மறுநாள் காலை எடெய்கோ மந்தைக்குப் போனான். பனி மிருதுவாக இருந்தது. மான்கள் முன்னங்காலால் பறித்து, அடியில் இருக்கும் வெள்ளைப் பாசியைத் தின்றன. எங்கு பார்த்தாலும் குழிகள். இன்ஸ்பெக்டர் நடுவில் நின்று அவன் கையைப் பார்த்தது.

"கையில் ஒன்றுமில்லை. கீழே பார்" என்றான்.

அது அவன் சட்டைப்பையை முகர்ந்தது.

அவன் முழங்காலிட்டுத் தன் கையாலேயே பனியைத் தோண்டிப் பாசியைக் காட்டினான். அதைத் தின்றது. தின்றுவிட்டு மறுபடியும் அவன் கையைப் பார்த்தது.

இரண்டாம் நாள், வேறொரு மான் தோண்டிய குழியில் வாயை வைத்தது. அந்த மான் கொம்பால் முட்டி விரட்டியது. மாலையில் எடெய்கோ கூடாரத்துக்கு வந்தான்.

"அதன் வயிறு ஒட்டிவிட்டது அண்ணி. ஒரே ஒரு துண்டு கொடுக்கட்டுமா?"

"அது எதன்மேல் நிற்கிறது?"

"பாசிமேல்தான்."

"அப்படியானால் என்னிடம் ஏன் கேட்கிறாய்?"

மூன்றாம் நாள் காலை இன்ஸ்பெக்டர் மந்தையை விட்டுப் புறப்பட்டது. தெற்கே, கம்பெனி எரித்துவிடும் வாயுவின் தீ வானத்தில் தெரியும் திசையில் நேராக நடந்தது. எடெய்கோ சறுக்குவண்டியைப் பூட்டிக்கொண்டு பின்தொடர்ந்தான். பன்னிரண்டு கிலோமீட்டர். அவன் போய்ச் சேர்ந்தபோது அது கேன்டீன் பின்புறம் இருந்தது.

கேன்டீன் அன்று திறக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை. பின்புறம் ஒரு பெரிய பள்ளம். எண்ணெய்க் கிணறு தோண்டும்போது வரும் ரசாயனச் சேற்றைக் கம்பெனி அதில்தான் கொட்டியது. கடுங்குளிரிலும் அது உறையாது. உப்புக் கரிக்கும். உப்பென்றால் பனிமானுக்கு உயிர். இன்ஸ்பெக்டர் முன்னங்கால்களை மடக்கி அந்தச் சேற்றை நக்கிக்கொண்டிருந்தது. முகம் கண்வரை கறுத்திருந்தது.

கயிற்றைப் போட்டு இழுத்தான். இருபது அடி வந்தது. பிறகு படுத்துவிட்டது.

சமையல்காரர் சத்தம் கேட்டு வந்தார். "அடடா, நம்ம இன்ஸ்பெக்டரா? இந்தப் பள்ளத்துக்கு வேலி கேட்டு ரெண்டு வருஷமாக எழுதிக்கொண்டிருக்கிறோம்" என்றார். குனிந்து அதன் விலாவைத் தொட்டுப் பார்த்தார். "இனி தேறாது. கத்தி கொண்டுவரட்டுமா?"

"இதை வெட்டக் கூடாது. கூடாரத்தில் வளர்ந்தது."

"உங்கள் கூடாரத்தில்தானே?" என்றார் சமையல்காரர். அவர் கேலி செய்யவில்லை. உதவுவதற்குத்தான் கேட்டார். "நீங்கள் அந்தப் பக்கம் திரும்பிக்கொள்ளுங்கள்."

எடெய்கோ திரும்பிக்கொள்ளவில்லை. மான் அடங்கும்வரை அதன் தலையை மடியில் வைத்திருந்தான். பிறகு அதை வண்டியில் ஏற்றிக்கொண்டு வந்தான்.

ஹத்னே வெளியே வந்து பார்த்தார். மானின் முகத்தைப் பனியால் தேய்த்தார். கறுப்பு போகவில்லை.

"புரிந்துவிட்டது அண்ணி. கையெழுத்துப் போடமாட்டேன்."

"சரி" என்றார்.

நான்காம் நாள் லுகின் வந்தார். எடெய்கோ தனக்குச் சம்மதம் இல்லை என்றான். லுகின் கோபப்படவில்லை. பேனாவை மூடிப் பைக்குள் வைத்தார்.

"உங்கள் நிலம், உங்கள் முடிவு. சமவெளியைத் தொடமாட்டோம். சாலையும் குழாயும் சுற்றிக்கொண்டு போகும். வடக்கும் கிழக்கும் அரசாங்க நிலம், அனுமதி வந்துவிட்டது. மேற்கே ஆற்றங்கரைக்கு ஏற்கெனவே கையெழுத்து இருக்கிறது. தெற்கே எங்கள் முகாம்."

"சுற்றிலும் குழாய் வந்தால் மந்தை எந்த வழியாக உள்ளே வரும்?"

"அதை நீங்கள்தான் பார்த்துக்கொள்ள வேண்டும்."

"மேற்குக் கரைக்கு யார் கையெழுத்துப் போட்டது?"

லுகின் ஹத்னேவைப் பார்த்தார். ஹத்னே ஹெலிகாப்டரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"பதினோரு வருடம் ஆயிற்று இல்லையா அம்மா?" என்றார் லுகின். பதிலுக்குக் காத்திருக்கவில்லை. ஆட்களிடம் சைகை காட்டினார். அவர்கள் நான்கு மூட்டை ரொட்டியை இறக்கி வைத்தார்கள். "இது சும்மா. கையெழுத்துக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. போன குளிரில் ரொம்பக் கஷ்டப்பட்டுவிட்டீர்கள்."

ஹெலிகாப்டர் போய்ப் பனித்தூள் அடங்க வெகுநேரம் ஆயிற்று.

"நீங்களா?" என்று கேட்டான் எடெய்கோ.

"நான்தான். அது உன் அண்ணன் பெயரில் இருந்த நிலம். அவர் இறந்த வருடம் போட்டேன். அந்த வருடமும் மழை பெய்து உறைந்தது. இதே மூட்டைதான் கொண்டுவந்தார்கள்."

"மூன்று நாள் என்னை மந்தையில் நிறுத்தினீர்களே. இதை ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்."

"சொல்லியிருந்தால், அண்ணியே போட்டாரே என்று நீயும் போட்டிருப்பாய்."

மற்ற குடும்பத்தார் கூடாரங்களிலிருந்து வெளியே வந்து தள்ளி நின்றார்கள். யாரும் மூட்டையின் பக்கம் வரவில்லை. யாரும் உள்ளே திரும்பிப் போகவும் இல்லை.

"இதை என்ன செய்வது அண்ணி? திருப்பி அனுப்பிவிடலாமா?"

ஹத்னே இடுப்புக் கத்தியை எடுத்து ஒரு மூட்டையின் வாயைக் கிழித்தார். ஒரு ரொட்டியை எடுத்து இரண்டாக உடைத்தார். பாதியை அவனிடம் நீட்டினார். மறு பாதியைக் கடித்து மெல்ல ஆரம்பித்தார்.

எடெய்கோ வாங்கவில்லை.

"அப்புறம் எதற்கு அண்ணி அந்த மானை விடச் சொன்னீர்கள்? அதற்குத் தோண்டத் தெரியவில்லை, செத்தது. நாமும் இதைத் தின்றால் அதற்கும் நமக்கும் என்ன வித்தியாசம்?"

ஹத்னே வாயில் இருந்ததை விழுங்கினார்.

"நமக்குத் தோண்டத் தெரியும்" என்றார்.

நீட்டிய கையை அவர் மடக்கவில்லை. சற்று நேரம் கழித்து எடெய்கோ அந்த ரொட்டியை வாங்கிக்கொண்டான்.