பன்றிக்குச் சமமான பன்னிரண்டு பேர்

ராஜாவே வேண்டாம் என்று விரட்டிவிட்டு அமெரிக்கா என்ற நாடு உண்டாகிச் சில வருஷங்கள்தான் ஆகியிருந்தன. கதைக்கு ராஜா இல்லாவிட்டால் எப்படி? அங்கே ஒரு மாகாணத்தை ஆண்ட கவர்னரையே ராஜாவாக வைத்துக்கொள்வோம். மனுஷர் கோபக்காரர். ஆனால் சிரிப்பு வந்தால் அடக்கத் தெரியாது.

அந்த மாகாணத்தில் ஒபதையா கிரிம்ஸ் சட்டசபை உறுப்பினர். தன் வட்டாரத்துக்கு நீதிபதியும் அவரே. சபையில் சட்டம் போடுவார், ஊருக்கு வந்து அதை வைத்தே தீர்ப்புச் சொல்வார். அந்த வருஷம் மேஜையைத் தட்டித் தட்டி ஒரு சட்டம் கொண்டுவந்தார்: தன் பன்றியை ஊருக்குள் அலையவிடுகிறவன் அரசாங்கப் பதவியில் இருக்கக் கூடாது.

வக்கீல் சைலஸ் பட்டனுக்கு நீதிபதி நாற்காலிமேல் ரொம்ப நாளாகக் கண். கவர்னர் கோர்ட்டைப் பார்க்க வந்த அன்று சைலஸ் தாமதமாக, மூச்சு வாங்க உள்ளே வந்தார். பின்னாலேயே ஒரு கொழுத்த பன்றியும் கதவை முட்டிக்கொண்டு வந்தது! யார் வீட்டுப் பன்றி என்று தெரிய அந்த ஊரில் காதில் வெட்டி அடையாளம் வைப்பார்கள். சைலஸ் பாய்ந்து காதைத் தூக்கிக் காட்டினார்.

"ரெண்டு வெட்டு! நம்ம நீதிபதி வீட்டுப் பன்றி! அவர் போட்ட சட்டம், கவர்னர் ஐயா. அவரை எழுந்திருக்கச் சொல்லுங்க!"

கிரிம்ஸ் எட்டிக் காதைப் பார்த்தார். அவருடைய பன்றியேதான். பட்டியைத் தாழ் போட்டுவிட்டுத்தானே வந்தார்? நல்ல நாற்காலி, இப்படியா போகவேண்டும்! சேவகன் பன்றியைக் கயிறு போட்டு இழுத்தான். அப்போது சைலஸின் கோட்டுப் பையிலிருந்து இரண்டு மக்காச்சோள மணிகள் தரையில் விழுந்தன. பன்றி லபக்கென்று விழுங்கியது.

ஓஹோ, அப்படியா சேதி! கிரிம்ஸுக்கு விளங்கிவிட்டது.

"என்ன கிரிம்ஸ், பதில் உண்டா?" என்று கவர்னர் உறுமினார்.

கிரிம்ஸ் பணிவாக இறங்கி வந்தார். "என் வழக்கை நானே விசாரிக்கக் கூடாது. நீங்க உட்காருங்க ஐயா. ஆனா ஒண்ணு. குற்றவாளிக்குச் சமமான பன்னிரண்டு பேர் ஜூரியா உட்கார்ந்து, ஒருமனதாச் சொன்னால்தானே இந்த நாட்டில் தண்டனை?"

"ஆமாம், அதற்கென்ன?"

"அலைஞ்சது நானில்லையே, பன்றிதானே? அதுக்குச் சமமானவங்களைக் கூப்பிடுங்க."

கவர்னரின் மீசை துடித்தது. கோபமா சிரிப்பா என்று யாருக்கும் புரியவில்லை. "கூப்பிடு!" என்றார்.

"பன்றி சத்தியப் பிரமாணம் எடுக்குமா?" என்று சைலஸ் கத்தினார்.

"பொய் பேசாதவங்களுக்குச் சத்தியம் எதுக்கு?" என்றார் கிரிம்ஸ்.

ஊர்ப் பட்டிகளிலிருந்து பன்னிரண்டு பன்றிகள் கயிற்றில் வந்து சேர்ந்தன. கவர்னர் தொண்டையைக் கனைத்துக்கொண்டு, "ஜூரிகளே, குற்றவாளி யார்?" என்று கேட்டார்.

கிரிம்ஸ் கண் காட்ட, சேவகர்கள் கயிறுகளை விட்டார்கள். அவ்வளவுதான்! பன்னிரண்டும், கூடவே வழக்கில் மாட்டிய பன்றியும், நேரே சைலஸின் கோட்டுப் பைமேல் பாய்ந்தன. பை கிழிந்து மக்காச்சோளம் கொட்டியது. சைலஸ் மேஜைமேல் ஏறி நின்று அலறினார்.

"ஒருமனதான தீர்ப்பு, ஐயா!" என்றார் கிரிம்ஸ்.

கவர்னர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். கிரிம்ஸைக் கையைப் பிடித்து மறுபடி நாற்காலியில் உட்காரவைத்து, தன் தங்கக் கடிகாரத்தையும் கழற்றிக் கொடுத்தார்.

"அநியாயம்! மேல்கோர்ட்டுக்குப் போவேன்!" என்று மேஜைமேலிருந்து குரல் வந்தது.

"தாராளமாப் போங்க. கோட்டை மட்டும் கழற்றி வச்சிட்டுப் போங்க," என்றார் கிரிம்ஸ். "அங்கே இருக்கிற ஜூரிகளும் பசியோடதான் இருப்பாங்க."