வாய்தா வாங்கிய கீரி

பூவரசங்காட்டில் சாரங்கன் என்ற கீரி வக்கீல் தொழில் நடத்திவந்தது. முயலின் வளையை நரி பிடித்துக்கொண்டால், நரி நேரே சாரங்கனிடம் ஓடிவரும். காடையின் புதரைப் பாம்பு பிடித்துக்கொண்டால், பாம்பும் அங்கேதான் வரும்.

"பயப்படாதே! வழக்கை இழுத்தாலே போதும்!" என்று சாரங்கன் கண்ணடிக்கும்.

விசாரணை நாளில் அது நீதிபதி கரடியின் முன் பணிவாக நிற்கும். "ஐயா, எதிர்த்தரப்பு புதிய சாட்சியைக் கொண்டுவந்திருக்கிறது. நான் தயாராக வாய்தா வேண்டும்!"

கரடியும் வழக்கைத் தள்ளிவைக்கும். அடுத்த முறையும் இதே கதை. அலைந்து அலைந்து காடைக்குக் கால் ஓய்ந்துவிடும். வேறு புதர் தேடிப் போய்விடும்.

"அடேயப்பா! கீரியே பாம்பை ஜெயிக்க வைத்துவிட்டதே!" என்று காடே வாய்பிளந்தது.

அந்தக் கோடையில், ஏரிக்கு நீர் கொண்டுவரும் ஓடை திடீரென்று நின்றது. மேல்காட்டு எருமைகள், தாங்கள் புரள்வதற்காகப் பாறைகளை உருட்டி அதை அடைத்துவிட்டன. பூவரசங்காட்டு ஏரி நாளுக்கு நாள் சுருங்கியது.

பாறைகளை அகற்றச் சொல்லும் அதிகாரம் பெருமன்றத்துக்குத்தான் உண்டு. எல்லாக் காடுகளின் உறுப்பினர்களும் கூடும் இடம் அது. விலங்குகள் சாரங்கனையே போட்டியின்றித் தேர்ந்தெடுத்து அனுப்பின.

"வக்கீலய்யா, ஏரி வற்றுவதற்குள் சட்டத்தோடு வந்துவிடுங்கள்!" என்றது ஆமை அஞ்சுகம்.

"சட்டம் என் சட்டைப்பையில் இருக்கிறது, அம்மா!"

"உங்களுக்குச் சட்டையே இல்லையே, ஐயா!"

எல்லோரும் சிரித்தார்கள். சாரங்கனும் சிரித்துக்கொண்டே புறப்பட்டது.

பெருமன்றத்தில் அது வெளுத்து வாங்கியது. மான்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டன. மேல்காட்டு உறுப்பினரான எருமை அசைபோடவும் மறந்து விழித்தது.

"வாக்கெடுப்பு நடத்தலாமா?" என்று கேட்டார் தலைவர் யானை.

எருமை பதறியெழுந்தது. "தலைவரே! இதோ ஒரு கொக்கு வந்திருக்கிறது. அந்த ஏரி தளும்பி நிற்பதைக் கண்ணால் பார்த்ததாம். புதிய சாட்சி!"

'புதிய சாட்சி' என்று காதில் விழுந்ததுதான் தாமதம். சாரங்கன் துள்ளிக் குதித்தது.

"வாய்தா வேண்டும், தலைவரே!"

"ஆட்சேபணையே இல்லை!" என்று எருமை முந்திக்கொண்டது.

விவகாரம் அடுத்த கூட்டத்தொடருக்குத் தள்ளிப்போனது.

சாரங்கன் மார்பை நிமிர்த்திக்கொண்டு ஊர் திரும்பியது. "நீண்ட வாய்தா! லேசில் யாருக்கும் கிடைக்காது!"

யாரும் கைதட்டவில்லை.

"ஐயா, தண்ணீர் இப்போது யாரிடம் இருக்கிறது?" என்று கேட்டது அஞ்சுகம்.

"எருமைகளிடம்."

"அப்படியானால் அந்த வாய்தா யாருக்கு?"

சாரங்கனின் வால் தொங்கியது. இத்தனை காலமும் அது பிடித்துக்கொண்டவர் பக்கமே நின்று பழகியிருந்தது. இன்று பறிகொடுத்தவர் பக்கம் நிற்கிறோம் என்பதை நாக்கு மறந்துவிட்டது.

ஓட்டமாகப் பெருமன்றத்துக்கு ஓடியது. "தலைவரே, என் வாய்தாவை நானே திரும்பப் பெறுகிறேன்!"

"யாரிடம் சொல்கிறீர்கள்? எல்லோரும் ஊருக்குப் போய்விட்டார்களே!" என்றார் யானை.

அடுத்த கூட்டத்தொடர் வந்தது. சாரங்கன் கேட்ட கேள்விகளில் கொக்கு உளறிக்கொட்டிப் பறந்தே போனது. சட்டம் நிறைவேறியது. யானைகள் பாறைகளைப் புரட்டித் தள்ளின.

ஓடிவரும் தண்ணீரோடு போட்டி போட்டுக்கொண்டு சாரங்கன் ஓடியது. "வந்தாச்சு! தண்ணீர் வந்தாச்சு!"

பதிலே வரவில்லை. ஏரி வெடித்துக் கிடந்தது. முயல்கள் போயிருந்தன. நீர்க்கோழிகள் போயிருந்தன. மெல்ல நடக்கும் அஞ்சுகம்கூட எப்போதோ கிளம்பிப் போயிருந்தது.

ஏரி மெல்ல நிறைந்து, கரைவரை தளும்பியது. குடிக்க வந்தது சாரங்கன் மட்டும்தான்.

நம் திறமை யாருக்குப் பயன்படுகிறது என்று பார்க்காமல் பழக்கத்தால் அதைக் காட்டினால், நம்மை நம்பியவர்களுக்கே அது கேடாக முடியும்.