குத்தூஸ் மாஸ்டர் டாக்கோ கற்ற கதை

பேரணாம்பட்டில் குத்தூஸ் மாஸ்டரைத் தெரியாதவர்கள் இரண்டே வகை. பிரியாணி சாப்பிடாதவர்கள் ஒரு வகை, இன்னும் பல் முளைக்காதவர்கள் இன்னொரு வகை. மாப்பிள்ளைக்குத் தேதி ஒத்துவருகிறதோ இல்லையோ, மாஸ்டருக்கு ஒத்துவருகிறதா என்று கேட்ட பிறகே கல்யாணப் பத்திரிகை அடிக்கிற ஊர் அது. அப்பேர்ப்பட்ட பிரியாணி மாஸ்டர் ஒரு வியாழக்கிழமை காலையில், தொப்பியைச் சரிசெய்தபடி, மூன்று வீடு தள்ளியிருக்கும் எப்சிபாவின் வாசலில் போய் நின்றார்.

எப்சிபாவுக்கு அவர் வயதில் பாதிதான் இருக்கும். மஸ்கட்டில் ஒரு மெக்சிகன் துரித உணவுக் கடையில் அடுப்படி வேலை. விடுப்பு முடிந்து சனிக்கிழமை மத்தியானம் கிளம்ப வேண்டும். பெட்டியின் மேல் ஏறி உட்கார்ந்து அதை மூடப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எப்சி, எனக்கு ஒரு சமையல் கத்துக் குடும்மா."

"இன்னா மாமா, காலங்காத்தால கிண்டலா?"

"டாக்கோ. பெரிய கறி வெச்சு செய்வீங்களாமே, அது."

அவள் சிரித்தாள். பிறகு அவர் முகத்தைப் பார்த்துவிட்டுப் பெட்டியிலிருந்து இறங்கி, ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டாள்.

மாஸ்டரின் ஒரே மகள் ரிஸ்வானா, மசக்கை தாங்காமல் சார்ஜாவிலிருந்து தாய்வீட்டுக்கு வந்திருந்தாள். வந்த நாளிலிருந்து குடித்த தண்ணீர்கூட வயிற்றில் தங்கவில்லை. மணிக்கட்டு வளையல் முழங்கை வரை ஏறி இறங்கியது. இரண்டு மூன்று நாளில் ஏதாவது உள்ளே தங்காவிட்டால் வேலூரில் கொண்டுபோய்ச் சேர்த்துவிடச் சொல்லியிருந்தார் டாக்டரம்மா.

பட்டை, கிராம்பு வாசனை பட்டாலே ரிஸ்வானாவுக்குக் குடலைப் புரட்டியது. மாஸ்டர் முழுக்க முழுக்க அந்த வாசனைதான். சோப்பை மாற்றினார், சட்டையை மாற்றினார், ஒன்றும் நடக்கவில்லை. "அத்தா, கோச்சுக்காதீங்க, கொஞ்சம் அந்தாண்ட போங்க" என்று மகள் அழாத குறையாகச் சொன்னாள். அவரும் கொல்லையில் முருங்கை மரத்தடியில் போய் உட்கார்ந்துகொண்டு, உள்ளே அவள் ஓங்கரிப்பதைக் கேட்டுக்கொண்டிருந்தார். ஊருக்கெல்லாம் ஆக்கிப் போட்டவன், பெற்ற பிள்ளைக்கு ஒரு வாய் கொடுக்க முடியவில்லையே என்று மனசு ஆறவேயில்லை.

முந்தின ராத்திரி அவள் தன் அம்மா ஜைத்தூனிடம் ஒன்று சொல்லியிருந்தாள். சார்ஜாவில் ஒரு கடையில் மொறுமொறுவென்று மடித்த சோள ஓட்டுக்குள் கறியும் சீஸும் வைத்துக் கொடுப்பார்களாம். அது கிடைத்தால் தின்பேன் போலிருக்கிறது என்றாளாம்.

எப்சிபா எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டாள்.

"இவ்ளோதானே? நானே செஞ்சு எடுத்துட்டு வர்றேன்."

"நீ சனிக்கிழமை போயிடுவே. ஞாயித்துக்கிழமை அவளுக்குப் பசிக்காதா?"

அவள் பெட்டியை ஓரமாகத் தள்ளினாள்.

"நான் சொல்றத மட்டும் செய்வீங்களா மாமா?"

"செய்வேன்."

மாஸ்டர் பொய் சொல்கிறவர் இல்லை. சொல்லும்போது அதை நம்பித்தான் சொன்னார்.

"அரைக் கிலோ மாட்டுக்கறி வாங்கி, மிஷின்ல ரெண்டு தடவை விட்டு அரைச்சுட்டு வாங்க."

மாஸ்டருக்குச் சுருக்கென்றது. கைமா என்றால் கத்தியால் கொத்த வேண்டும். மிஷினில் விடுவதெல்லாம் சோம்பேறிகள் வேலை என்று இளசுகளைத் திட்டித் தீர்த்தவர் அவர். கடைக்குப் போனார், நல்ல தொடைக்கறியாகப் பார்த்து வாங்கினார், வீட்டில் உட்கார்ந்து பூப்போலக் கொத்தி எடுத்துக்கொண்டு வந்தார்.

எப்சிபா பாத்திரத்தைத் திறந்து பார்த்தாள். மூடி அவர் கையிலேயே கொடுத்தாள்.

"அரைச்சுட்டு வாங்க மாமா."

கறிக்கடையில் மாஸ்டர் மிஷினைக் கை காட்டியபோது கடைக்காரர் வாயைப் பொத்திக்கொண்டார். "யாருக்கு மாஸ்டர்? பல்செட்டு கட்டினவங்களுக்கா?" என்றார். மாஸ்டர் காது கேளாதவர்போல நின்று, அரைத்ததை வாங்கிக்கொண்டு நடந்தார்.

எப்சிபா அந்த அரைத்த கறியை ஒரு சட்டியில் போட்டாள். மிளகாய்த்தூள் கொஞ்சம், சீரகத்தூள், பூண்டுத்தூள், வெங்காயத்தூள், உப்பு, ஒரு பிடி ஓட்ஸ் மாவு. அப்புறம் ஒரு டம்ளர் தண்ணீரை எடுத்துப் பச்சைக் கறியின் மேலேயே ஊற்றினாள்.

மாஸ்டர் எழுந்தே விட்டார். "ஐயோ! தண்ணியா? பச்சைக் கறியிலயா?"

அவள் இன்னும் அரை டம்ளர் ஊற்றினாள்.

"உட்காருங்க. பிசைங்க."

சப்பாத்தி மாவுபோலப் பிசைந்தார். பாதி நேரம் கண்ணை மூடிக்கொண்டார். கறி கூழானது. எண்ணெய் விடவில்லை, வெங்காயம் தாளிக்கவில்லை, சட்டியை அப்படியே அடுப்பில் ஏற்றிச் சின்னத் தீ வைத்தாள். கொதி வந்ததும் பருப்பு கடைகிற மத்தை எடுத்து அவர் கையில் கொடுத்தாள்.

"இதுல என்னம்மா பண்றது?"

"கடையுங்க."

கடைந்தார். கட்டி ஒன்றுகூட இல்லாமல் கறி உதிர்ந்து, தண்ணீர் சுண்டி, மெத்தென்று வந்தது. மக்காச்சோள மாவில் கொஞ்சம் மைதா சேர்த்து வெந்நீர் விட்டுப் பிசைந்து, மெல்லிசாகத் திரட்டி, எண்ணெயில் போட்டதும் இரண்டு கரண்டியால் மடித்துப் பிடிக்கிற வித்தையையும் காட்டினாள். முதல் ஓடு உடைந்தது, இரண்டாவதும் உடைந்தது. மூன்றாவதில் மாஸ்டரின் கைக்குச் சூட்சுமம் பிடிபட்டுவிட்டது. அது எண்ணெயும் தீயும் சம்பந்தப்பட்ட வேலை, அவருக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை.

கறியை வாயில் போட்டுப் பார்த்தவர் முகம்தான் விழுந்தது.

"இதுல ஒண்ணுமே இல்லையேம்மா."

"ஆமா" என்றாள் எப்சிபா. அந்தச் சப்பையை மகளிடம் கொண்டுபோக மாஸ்டருக்கு மனசு வரவில்லை.

மறுநாள் ஜும்மா தொழுகை முடிந்ததும் அவள் வீட்டு அடுப்பிலேயே அவர் தானே செய்தார். எப்சிபா வாசற்படியில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தாள். அரைத்த கறி, தண்ணீர், சின்னத் தீ, மத்து, எல்லாம் அவள் சொன்ன வரிசைப்படியே நடந்தது. இறக்கப் போகிற நேரம் அவள் பக்கத்து வீட்டம்மாவிடம் ஏதோ பேசத் திரும்பினாள்.

மாஸ்டரின் சட்டைப்பையில் எப்போதும் ஒரு சின்ன எவர்சில்வர் டப்பி இருக்கும். அவரே வறுத்து, அவரே இடித்து, பெண்டாட்டிக்குக்கூடச் சொல்லாத மசாலா. எந்த அண்டாவானாலும் கடைசியில் அதில் ஒரு சிட்டிகை விழும். அவர் விரல்கள் பைக்குள் போனதும் வந்ததும் அவருக்கே தெரியாது. சட்டியிலிருந்து வாசம் எழும்பியபோதுதான் தெரிந்தது. வாசம் என்றால் அப்படி ஒரு வாசம். மாஸ்டருக்கு உள்ளூரச் சந்தோஷமாகவும் இருந்தது.

எப்சிபா வந்து ருசி பார்த்தாள்.

"சூப்பரா இருக்கு மாமா."

மாஸ்டர் மீசையைத் தடவிக்கொண்டார். நாலு ஓட்டில் கறியை நிரப்பி, முட்டைக்கோஸும் சீஸும் தூவி, தட்டை மூடி எடுத்துக்கொண்டு வீட்டுக்கு ஓடினார்.

போன வேகத்தில் திரும்பி வந்தார். தட்டு அப்படியே இருந்தது. ரிஸ்வானாவின் அறைக்குள் ஜைத்தூன் தட்டைக் கொண்டுபோகக்கூட முடியவில்லையாம். கூடத்தில் வரும்போதே அவள் வாயைப் பொத்திக்கொண்டு குளியலறைக்கு ஓடியிருக்கிறாள். வெறும் வயிறு, பித்தமாக வந்ததாம்.

மாஸ்டர் தட்டைக் கீழே வைத்துவிட்டு, எப்சிபாவின் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்.

"ஒரே ஒரு கிள்ளுதாம்மா போட்டேன்."

"தெரியும்."

"ருசி கூடத்தானே செஞ்சுது? நீயே சூப்பர்னு சொன்னே. அப்புறம் எப்படித் தப்பாகும்?"

எப்சிபா ஒரு டாக்கோவை எடுத்துக் கடித்து, மென்று விழுங்கிவிட்டுச் சொன்னாள்.

"நான் மஸ்கட் போன புதுசுல கடைக்கு ஒரு லாரி டிரைவர் வருவாரு. பலூச்சிக்காரரு. தினமும் வந்து ரெண்டு டாக்கோ சாப்பிடுவாரு. வாயத் தொறந்து ஒண்ணும் பேச மாட்டாரு. பாவம், சப்புன்னு சாப்பிடறாரேன்னு எனக்கு மனசு கேக்கல. ஒரு நாள் எங்கம்மா குடுத்தனுப்பின மிளகுப் பொடியில கொஞ்சம் தூவிக் குடுத்துட்டேன்."

"சொல்லு."

"ஒரு கடி கடிச்சாரு. தட்ட வெச்சுட்டு எழுந்து வெளியில போனாரு. ரோட்டுல நின்னு கடையோட போர்ட அண்ணாந்து பாத்தாரு. திரும்பி வந்து உட்கார்ந்தாரு."

"எதுக்கு?"

"கடை மாறி வந்துட்டமோன்னு பாத்திருக்காரு."

"நல்லா இல்லைன்னாரா?"

"ரொம்ப நல்லா இருக்குன்னாரு. அன்னிக்குதான் முதல் தடவையா வாயத் தொறந்தாரு. மறுநாள்லேருந்து எதிர்க்கடைக்குப் போயிட்டாரு."

மாஸ்டர் தட்டை மூடி வைத்தார். பிறகு பையிலிருந்து டப்பியை எடுத்து அவளிடம் நீட்டினார்.

"இத நீ வெச்சுக்க."

"எங்கிட்ட எதுக்கு? நாளைக்கு நான் இருக்க மாட்டேன்."

டப்பி மறுபடி அவர் பைக்கே போனது.

சனிக்கிழமை காலையில் மாஸ்டர் கொல்லையில், காற்று வீட்டுப் பக்கம் வீசாத மூலையாகப் பார்த்து, காஸ் அடுப்பைப் போட்டார். தலைக்குக் குளித்திருந்தார். டப்பி கிடந்த சட்டையைக் கழற்றி முருங்கைக் கிளையில் மாட்டிவிட்டு, பனியனோடு உட்கார்ந்தார். கறிக்கடைக்காரரிடம் அன்று அவரே வாய்விட்டுக் கேட்டிருந்தார், மிஷினில் மூன்று தடவை விடப்பா என்று.

பிசைந்தார். ஏற்றினார். கடைந்தார். கறி இறங்குகிற பக்குவம் வந்ததும் அவருடைய வலது கை மெல்லக் கிளம்பி நெஞ்சுப் பக்கம் போனது. பனியனில் பை இல்லை. கை நெஞ்சை இரண்டு தட்டுத் தட்டிவிட்டு, வேறு வழியில்லாமல் மத்துக்கே திரும்பி வந்தது. "மருவாதியா இரு" என்று அதை அதட்டினார் மாஸ்டர்.

மூன்று ஓடு பொரித்தார். மூன்றும் ஒரே வளைவு, ஒரே நிறம். கறி, முட்டைக்கோஸ், சீஸ். ஜைத்தூன் தட்டை வாங்கிக்கொண்டு உள்ளே போனாள். மாஸ்டர் மகளின் ஜன்னலுக்கு வெளியே, சுவரை ஒட்டி நின்றார்.

முதலில் ஒன்றும் கேட்கவில்லை. பிறகு "கறுக்" என்று ஒரு சத்தம்.

மாஸ்டர் காதைச் சுவரோடு வைத்தார். இப்போது ஓடுவாள், கதவு இடிபடும் என்று காத்திருந்தார். கதவு இடிபடவில்லை. மறுபடி "கறுக்". அப்புறம் வரிசையாகக் "கறுக், கறுக்" என்று, வெண்டைக்காய் நறுக்குவதுபோல. ஜைத்தூன் "மெதுவாடி, மெதுவா" என்று அதட்டுவது கேட்டது. எவ்வளவு காலத்துக்கப்புறம் அந்த வீட்டில் அந்த அதட்டல்! மாஸ்டருக்குக் கண்ணில் நீர் முட்டிக்கொண்டு வந்தது.

சத்தம் நின்றது. அவர் காத்திருந்தார். அடுப்பில் எண்ணெய் ஆறியது, முருங்கை நிழல் கொஞ்சம் நகர்ந்தது, அப்போதும் யாரும் ஓடவில்லை. கடைசியில் கொல்லைக் கதவு திறந்தது. ரிஸ்வானா நிலையைப் பிடித்தபடி நின்றாள். மேலுதட்டில் சீஸ் ஒட்டியிருந்தது.

"அத்தா, இத எங்க வாங்கினீங்க? ஆம்பூர்லயா?"

அவள் நாலடி தூரத்தில் நின்றுகொண்டிருந்தாள். மூக்கைப் பொத்தவில்லை.

"அந்தக் கடையில சாப்பிட்ட மாதிரியே இருக்குது அத்தா. அப்படியே இருக்குது. மூணும் தின்னுட்டேன். இன்னொண்ணு இருக்கா?"

மாஸ்டர் கிளையிலிருந்து சட்டையை எடுக்கவும் இல்லை, செருப்பை மாட்டவும் இல்லை. பனியனோடு, கையில் மத்தோடு, தெருவில் ஓடினார். எதிரே வந்த இமாம் சலாம் சொன்னார். அதற்குப் பதில் சலாம் சொன்னாரா என்று மாஸ்டருக்கு இன்றுவரை ஞாபகமில்லை.

எப்சிபாவின் வாசலில் டாக்ஸி நின்றது. பெட்டியை ஏற்றிவிட்டு அவள் கதவைத் திறந்துகொண்டிருந்தாள்.

"எப்சி! தின்னுட்டா! மூணும் தின்னுட்டா! தங்கிடுச்சு!" தெருவே எட்டிப் பார்த்தது. மாஸ்டர் மத்தை வாள்போல ஆட்டினார். "எங்க வாங்கினீங்கன்னு கேட்டாம்மா! கடையில வாங்கினதுன்னே நெனச்சுட்டா! நாப்பது வருஷமா ஆக்கறேன், ஒரு வாய் வெச்சதுமே இது குத்தூஸ் கைன்னு சொல்லாம போனவன் ஒருத்தன் இல்ல. இன்னிக்கு எம் பொண்ணுக்கே தெரியல!"

எப்சிபாவும் சிரித்தாள். கண்ணைத் துடைத்துக்கொண்டாள். டாக்ஸிக்காரர் ஹாரன் அடித்தார்.

மாஸ்டர் கதவைப் பிடித்துக்கொண்டார்.

"ஒண்ணே ஒண்ணு சொல்லிட்டுப் போ. நீதான் எனக்கு குரு. நான்தான் செஞ்சேன்னு அவகிட்ட சொல்லட்டுமா, வேணாமா?"

"இன்னொண்ணு கேட்டாளா மாமா?"

"கேட்டா."

"அப்ப இங்க நின்னு இன்னா பண்றீங்க?"