ராயர் கட்டிலும் ஆற்றின் படுகையும்

முன்னொரு காலத்தில், செங்கழி ஆறு பாய்ந்த நாட்டைச் சூரசேகரன் என்றொரு ராஜா ஆண்டுவந்தான். நல்லவன்தான், ஆனால் அவனிடம் இரண்டு குணங்கள் இருந்தன. அடுக்களையிலிருந்து தாளிக்கிற வாசனை வந்துவிட்டால் வழக்கைப் பாதியில் நிறுத்தித் தீர்ப்புச் சொல்லிவிடுவான். சொன்ன தீர்ப்பை எக்காரணம் கொண்டும் மாற்றமாட்டான். இந்த ராஜாவை வைத்துக்கொண்டு மந்திரி பூவராகர் எப்படிக் காலம் தள்ளியிருப்பார் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.

அரண்மனைப் பண்டகசாலை வல்லபராயர் பொறுப்பில் இருந்தது. அவருக்கு மந்திரியைக் கண்டாலே ஆகாது. மந்திரி வீட்டில் காற்று பிரமாதமாக வருகிறது என்று யாரோ சொல்லித் தொலைத்தார்கள். அன்றிலிருந்து ராயருக்குத் தன் வீட்டில் மூச்சு முட்ட ஆரம்பித்தது. அந்த வீட்டில் அவருக்குப் பிடித்தது ஒன்றே ஒன்று, மாமனார் சீதனமாகக் கொடுத்த தந்தக் கட்டில். அதன் பெருமையை அவர் சபையில் பேசாத நாளில்லை. அந்தக் கட்டிலைப் போட்டுப் படுக்க ஆற்று மணலிலேயே ஒரு மாளிகை கட்டுவது என்று முடிவு செய்தார். கோடைக்காலம், ஆறு ஒரு ஓரமாக ஒதுங்கிக் கிடந்தது. மதில் மளமளவென்று எழும்பியது.

எதிர்க்கரை தாழ்வான கரை. அங்கே பரிசல் ஓட்டுகிறவர்களின் குடிசைகள் இருந்தன. அவர்களில் வெள்ளச்சி என்பவள் மதிலைப் பார்த்தாள். வெள்ளம் வந்தால் இந்த மதிலில் முட்டித் திரும்பி நேரே குடிசைகளுக்குள்தான் நுழையும். பிள்ளைகுட்டிகளோடு எங்கே போவது? நேராக அரசவைக்கு நடந்தாள்.

"மகாராஜா, உங்க பாட்டனார் நட்ட கல்லு ஆத்து மணல்ல இன்னும் நிக்குது. ஆற்றுப் படுகையில் யாரும் வீடு கட்டலாகாதுன்னு அதுல வெட்டியிருக்கு. ராயர் அந்தக் கல்லு மேலதான் தன்னோட துண்டைக் காயப் போட்டிருக்கார்" என்றாள்.

சபை சிரித்தது. ராயர் சிரிக்கவில்லை, எழுந்தார்.

"பிரபு, படுகை என்றால் என்ன? படுக்கிற இடம். ஆறு இப்போது எங்கே படுத்திருக்கிறது? அதோ, ஓரத்தில், ஒல்லியாக. நான் கட்டுகிற இடத்தில் அது படுக்கவில்லை. படுக்காத இடம் எப்படிப் படுகையாகும்?"

மந்திரி பதில் சொல்ல வாயெடுத்தார். அந்த நேரம் பார்த்துக் கத்தரிக்காய் கொத்சுக்குக் கடுகு வெடித்த வாசனை சபைக்குள் வந்தது.

"சரியான வாதம்" என்றான் ராஜா. "எவர் படுக்கவில்லையோ, அவருக்கு அந்த இடத்தில் பாத்தியதை கிடையாது. ராயர் கட்டட்டும்."

மந்திரிக்கு ஆத்திரம் வந்தது. அதை விழுங்கிக்கொண்டு பணிவாகக் கேட்டார்: "பிரபு, ஒரு சந்தேகம். இந்த நியாயம் ஆற்றுக்கு மட்டும்தானா, ஆளுக்கும் உண்டா?"

"ஆறானாலும் ஆளானாலும் ஒரே நியாயம்தான். இலை போட்டாயிற்றா பாருங்கள்" என்று சொல்லி ராஜா எழுந்து போய்விட்டான்.

வெள்ளச்சி வாசலில் நின்று அழுதுகொண்டிருந்தாள். மந்திரி அவளிடம் போனார்.

"அழாதேம்மா. உங்க ஆட்களுக்குக் கட்டில்ல படுத்துப் பழக்கம் உண்டா?"

"பாய்தாங்க ஐயா."

"நாளையிலிருந்து பழகிக்கோங்க" என்று சொல்லி, விஷயத்தை விளக்கினார். அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள்.

மறுநாள் சபை கூடியதும் ராயர் வீட்டுச் சமையல்காரர் மூச்சிரைக்க ஓடிவந்தார்.

"எஜமான், கட்டில் போச்சு! பரிசல்காரங்க குடும்பத்தோட ஏறிப் படுத்துட்டாங்க. தலைமாட்டுல கருவாட்டுக் கூடை. கேட்டா, ராஜா தீர்ப்புங்கறாங்க. அம்மா பொறந்த வீட்டுக்குக் கிளம்பிட்டாங்க."

ராயர் துள்ளி எழுந்தார். வெள்ளச்சியை அழைத்துவந்தார்கள். அவள் கொட்டாவி விட்டபடியே வந்து கும்பிட்டாள்.

"ஒரு சின்னக் கேள்வி" என்றார் மந்திரி. "இவர்கள் ஏறியபோது ராயர் கட்டிலில் படுத்திருந்தாரா?"

"நான் சபையில் இருந்தேன் ஐயா" என்று ராயர் கத்தினார். "வேலை முடிந்தால் திரும்பிப் போய்ப் படுக்கத்தானே போகிறேன்? நான் படுக்காத நேரத்திலும் அது என் படுக்கைதான்!"

சொல்லி முடித்த பிறகுதான் என்ன சொன்னோம் என்பது அவருக்கு உறைத்தது.

"ஆறும் இதையேதான் சொல்கிறது, பிரபு" என்றார் மந்திரி. "வெளியூர் போயிருக்கிறது, அவ்வளவுதான். ஆடியில் திரும்பி வரும்."

ராஜாவின் மீசை துடித்தது. கோபமா, சிரிப்பா என்று யாருக்கும் தெரியவில்லை. கடைசியில் சிரித்துவிட்டான்.

"ராயரே, நான் தீர்ப்பை மாற்றுகிறவன் அல்ல. கட்டில் வெள்ளச்சிக்குத்தான். உம்முடைய வாதத்தை நீரே திரும்பப் பெற்றால் கட்டில் உமக்கு, படுகை ஆற்றுக்கு. எது வேண்டும்?"

ராயர் மாளிகையை நினைத்தார், கட்டிலை நினைத்தார், மாமனார் முகத்தை நினைத்தார். தலையைக் குனிந்துகொண்டு, "திரும்பப் பெறுகிறேன்" என்றார்.

"மதிலை நீரே இடிக்க வேண்டும். அந்தச் செங்கல் குடிசைகளின் தரையை உயர்த்தப் போகட்டும். 'நான் படுக்காத நேரத்திலும் அது என் படுக்கைதான்' என்று நீர் சொன்ன வாக்கியம் அருமையானது, அதை உம் பெயரோடு என் பாட்டனார் கல்லிலேயே வெட்டச் சொல்கிறேன்" என்ற ராஜா, தன் முத்துமாலையைக் கழற்றி மந்திரி கழுத்தில் போட்டான். "நேற்று கொத்சு என்னை அவசரப்படுத்திவிட்டது. இனிமேல் வழக்கு முடிந்த பிறகுதான் அடுப்பு மூட்ட வேண்டும்."

ஆடி பிறந்தது. ஆறு நுங்கும் நுரையுமாக வந்து, தன் இடம் முழுக்கப் பரந்து படுத்துக்கொண்டது. குடிசைப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. கல்லில் பாதி வரை தண்ணீர். 'வல்லபராயர் சொன்னது' என்ற வரி மட்டும் மேலே தெரிந்தது.

"என்னம்மா சொன்னார் ராயர்?" என்று பரிசலில் வந்த வெளியூர்க்காரர் கேட்டார்.

வெள்ளச்சி துடுப்பை நிறுத்தாமல் தண்ணீரைக் காட்டினாள். "அது கீழ இருக்குங்க. ஆறு அது மேலதான் படுத்திருக்கு."