வெண்ணெய் மறந்த கஞ்சி

வடக்கே, பனி மூடிய கடற்கரை ஊர் ஒன்றில் தோர்டிஸ் என்ற பெண் இருந்தார். மாயக் கதைகள் எழுதிப் பேர் வாங்கியவர். எழுதக் கற்க வருகிறவர்களைத் தன் வீட்டுக்குப் பின்னால் இருந்த அறைகளில் தங்கவைத்துக்கொள்வார்.

அப்படி வந்தவன் எய்விந். மீன் தொழிற்சாலை வேலையை விட்டுவிட்டு நாவல் எழுத வந்திருந்தான். குளிர்காலத்துக்குள் முடியாவிட்டால் மறுபடி மீன் வெட்டத்தான் போக வேண்டும். பாதியில் பேனா நின்றுவிட்டது.

"குருவே, என் கதையில வீட்டுக் குள்ளன் வர்றான். மாட்டுக் கொட்டில்ல ஒளிஞ்சிருந்து வீட்டைக் காக்கிற அந்தப் பழைய கதைக் குள்ளன்தான். எழுதவே வெட்கமா இருக்கு. இந்தக் காலத்துல அவனை யார் நம்புவா?"

"நீ நம்புறியா?"

"இல்லை."

"அவனுக்குச் சாப்பாடு வச்சுப் பார்த்திருக்கியா?"

எய்விந் விழித்தான். குள்ளனுக்குக் கஞ்சி காய்ச்சி, மேலே ஒரு கட்டி வெண்ணெய் போட்டுக் கொட்டிலில் வைப்பது அந்தப் பக்கத்தில் முன்காலத்து வழக்கம்.

"தினமும் சாயங்காலம் வை. காலையில எழுது."

குருவின் மாட்டுக் கொட்டிலில் கஞ்சி வைத்தான். காலையில் கிண்ணம் காலி. பூனையாக இருக்கும் என்று நினைத்தான். ஆனாலும் அன்று கொஞ்சம் எழுதினான். மறுநாளும் காலி. நாவலில் குள்ளன் கொட்டிலை விட்டுக் கிளம்பி, நகரத்து அடுக்குமாடிக் கட்டடத்தின் லிஃப்ட்டில் குடியேறினான்.

ஒருநாள் அவசரத்தில் வெண்ணெய் போட மறந்துவிட்டான். காலையில் பார்த்தால் கிண்ணம் கவிழ்ந்து கிடந்தது. பசுவின் வாலில் ஒரு முடிச்சு. பூனையால் முடிச்சுப் போட முடியாதே என்று எய்விந் நினைத்தான். ஓடிப்போய் எழுத உட்கார்ந்தான். கோபக்காரக் குள்ளன் லிஃப்ட்டை நடுவழியில் நிறுத்தி எல்லோரையும் அலறவிடும் அத்தியாயம் அன்று எழுதியதுதான். நாவலிலேயே நல்ல அத்தியாயமும் அதுதான்.

கடைசி அத்தியாயம் மட்டும் பாக்கி. அன்று விடியும்போது புதுப் பனி விழுந்திருந்தது. கொட்டிலிலிருந்து காலடித் தடம் நேராகக் குருவின் சமையலறைக்குப் போனது. உள்ளே தோர்டிஸ் வாயைத் துடைத்துக்கொண்டிருந்தார். முகவாயில் வெண்ணெய்.

"நீங்களா! அன்னைக்குக் கிண்ணத்தைக் கவிழ்த்ததும் நீங்கதானா?"

"வெண்ணெய் போடாத கஞ்சியை யாருப்பா சாப்பிடுவா?"

எய்விந்துக்கு அழுகையே வந்துவிட்டது. "எல்லாம் பொய். நாவலை அடுப்புல போடப்போறேன்."

"தாராளமா போடு. அதுக்கு முன்னாடி ஒண்ணு சொல்லு. லிஃப்ட்ல இருக்கிறவனுக்கு யார் சாப்பாடு வைக்கிறா?"

"மூணாவது மாடியில தனியா இருக்கிற ஒரு நர்ஸ்."

"அவ வச்ச கிண்ணம் காலியாகுதா?"

"ஆகுது."

"யார் சாப்பிடுறா?"

எய்விந் குருவின் முகவாயில் இருந்த வெண்ணெயைப் பார்த்தான்.

"என் கஞ்சியை என் குரு சாப்பிட்டார். நானும் இப்படித்தான் கத்தினேன்," என்று சிரித்தபடி தோர்டிஸ் ஒரு கரண்டியை நீட்டினார். "நேத்து ஒரு பொண்ணு வந்து சேர்ந்திருக்கா. மலை அரக்கன் கதை எழுதணுமாம். யார் நம்புவான்னு ஒரே அழுகை. அவ கிண்ணமும் கொட்டில்லதான் இருக்கு. என் வயிறு நிறைஞ்சுபோச்சு. அவ எழுந்திரிக்கிறதுக்குள்ள நீ போயிட்டு வா."

எய்விந் கரண்டியை வாங்கிக்கொண்டு வாசல் வரை போனான். பின்னாலிருந்து குரு கூப்பிட்டுச் சொன்னார்:

"வெண்ணெய் இல்லைன்னா என்ன பண்ணணும்னு உனக்கே தெரியும்."