‘வருக’ என்பதில் மூன்று குறில்

‘சீக்கிரம்’ என்ற சொல் விரைவைக் குறிக்கும் என்று நன்றாகப் படித்தவர்களே நம்பிக்கொண்டிருக்கிறார்கள். வருத்தத்தோடு மறுக்க வேண்டியிருக்கிறது. அதன் முதல் எழுத்து நெடில். நெடில் இரண்டு மாத்திரை ஒலிக்கும். அதாவது இரண்டு முறை கண் இமைக்கும் நேரம் வீண். விரைவுக்கு உரிய சொல் ‘பொறு’. இரண்டு எழுத்தும் குறில். இமைப்பூரில் இதை நிரூபித்தே காட்டியிருக்கிறார்கள்.

இமைப்பூர் எந்த வரைபடத்திலும் இல்லை. அந்த ஊர் ஆற்றங்கரையில் ஒலிக்கல் என்றொரு பாறை இருந்தது. ஆதியில் பேசப்பட்ட எழுத்துகளின் வலு அந்த ஒரு கல்லில்தான் மிச்சம். அதன்மேல் நின்று எதைப் பார்த்து நெடிலைச் சொல்கிறோமோ, அதற்கு நேரம் நீளும். குறிலைச் சொன்னால் குறுகும். கல்லில் ஏறும் உரிமை பூவராகன், சடையப்பன், வீரபாகு என்ற மூன்று காவலர்களுக்கு மட்டுமே. சொன்னதைச் சொன்னபடி செய்கிறவர்கள் என்பதால் ஊர் அவர்களைத் தேர்ந்தெடுத்தது. அந்தக் குணத்தில் அவர்கள் ஒருநாளும் குறை வைத்ததில்லை.

அன்று பட்டம்மாள் மகள் செங்கமலத்துக்குக் கல்யாணம். பந்தலுக்கு முன்னால் ஒரு கம்பம், அதற்குப் பக்கத்தில் ஒரு செங்கல். கம்பத்தின் நிழல் செங்கலைத் தொட்டுவிட்டால் முகூர்த்தம் முடிந்தது. அடுத்த முகூர்த்தம் ஏழு வருடம் கழித்துத்தான். நிழல் ஒரு முழத் தூரத்தில் இருந்தது. மாப்பிள்ளை திருமேனியும் மேளக்காரர்களும் நடு ஆற்றில் ஓட்டைப் படகில் இருந்தார்கள். மாப்பிள்ளை தண்ணீரை மொண்டு ஊற்றிக்கொண்டிருந்தது கரைக்கே தெரிந்தது.

பட்டம்மாள் ஒலிக்கல்லுக்கு ஓடினாள்.

“அண்ணே! முந்தாநாள் விடியக்காலையில ஆத்தங்கரையில யாரோ கெட்டிமேளம் கொட்டியிருக்கான். அப்பவே எனக்கு மனசு சரியில்ல. மாப்பிள்ளை வர்ற வழியைப் பார்த்துக்கிட்டே நேரத்தைக் கொஞ்சம் இழுத்துப் பிடிங்கண்ணே!”

மூவரும் கல்லில் ஏறினார்கள். மாப்பிள்ளை வரும் வழி ஆறு. ஆகவே ஆற்றைப் பார்த்தபடி “ஆஆஆ” என்று இழுத்தார்கள்.

ஆறு நின்றது. துள்ளிய கெண்டை ஒன்று துள்ளியபடியே தங்கியது. படகு, ஆணி அடித்தாற்போல் இருந்தது. நிழலை யாரும் பார்க்காததால் அது தன் போக்கில் நகர்ந்து, முக்கால் முழத்துக்கு வந்தது.

சத்தம் கேட்டு மணப்பெண்ணே மாலையோடு ஓடிவந்தாள்.

“பெரியப்பா! நிழலை இழுக்கச் சொன்னா ஆத்தையா இழுக்கிறீங்க?”

“உங்கம்மா வழியைப் பார்க்கச் சொன்னா, தாயி. நிழல் வழியாவா மாப்பிள்ளை வர்றாரு?” என்றார் பூவராகன்.

“சரி, விடுங்க. இப்பப் படகைப் பார்த்துக் குறில்ல கூப்பிடுங்க. குறில்ல மட்டும்!”

உடனே ஆலோசனை தொடங்கியது. படகைப் பார்க்கச் சொன்னதால் படகைப் பார்த்தபடி, கல்லின்மேல் நின்றே பேசினார்கள்.

“ஏப்பா, வான்னு கூப்பிடலாமா?” என்றார் சடையப்பன்.

இந்த ஒரு கேள்வியில் ஆறு நெடில். படகு பின்னுக்குப் போனது.

“வா நெடிலாச்சே,” என்றார் வீரபாகு.

“அப்போ வாங்கன்னு மரியாதையா கூப்பிடுவோம்.”

“மரியாதை கொடுத்தா நெடில் குறிலாயிடுமா?”

“அதை யோசிச்சுப் பார்க்கணும்,” என்றார் பூவராகன். மூவரும் யோசித்தார்கள். நிழல் அரை முழத்துக்கு வந்தது.

“வருக! வருகன்னு சொல்லுங்க!” என்று செங்கமலம் கத்தினாள்.

மூவரும் விரல்விட்டு எண்ணினார்கள். வ, ரு, க. மூன்றும் குறில். பூவராகனுக்குக் கண்ணில் நீர் வந்துவிட்டது.

“வருக!” படகு கிளம்பியது. “வருக, வருக!” அம்புபோல் பாய்ந்தது. கரைக்குப் பத்தடிதான் பாக்கி. மூவருக்கும் உற்சாகம் தாங்கவில்லை. “வருக வருக வருக வருக!”

“போதும் பெரியப்பா!”

“போதும்ல ‘போ’ நெடிலும்மா. மாப்பிள்ளை போயிடுவாரு.”

“ஐயோ, நிறுத்துங்க!”

சடையப்பன் விரல்விட்டு எண்ணினார். முகம் மலர்ந்தது. “எல்லாம் குறில்!”

“நிறுத்துங்க! நிறுத்துங்க! நிறுத்துங்க!” என்று மூவரும் படகைப் பார்த்து முழங்கினார்கள்.

படகு மறைந்தது. கெண்டை தண்ணீரில் விழுந்தது.

செங்கமலம் கரையில் உட்கார்ந்துவிட்டாள். “ஏழு வருஷம்,” என்றாள்.

“நேரம் குறுகினா முன்னாடியே வந்திருப்பாரே, தாயி,” என்றார் வீரபாகு. “இன்னைக்குக் காணோம்னா நேத்துல தேடணும்.”

அவள் அவரை முறைத்தாள். பிறகு எழுந்து பந்தலுக்கு ஓடினாள். பந்தல்காரர் தோரணம் கட்டிக்கொண்டிருந்தார்.

“நேத்து இங்கே யாராவது வந்தாங்களா?”

“ஒருத்தரு வந்தாரு. வேட்டியெல்லாம் ஈரம். கூலிக்கு வந்தவருன்னு குழி தோண்டச் சொன்னேன். அருமையாத் தோண்டினாரு. இந்தக் கம்பமே அவரு நட்டதுதான். இப்பச் சமையல்கட்டுல தேங்காய் துருவுறாரு.”

சமையல்கட்டில் திருமேனி தேங்காய்க் குவியலுக்குப் பின்னால் இருந்தார். அவர் தலை மட்டும் தெரிந்தது.

“மாப்பிள்ளைன்னு சொல்ல வேண்டியதுதானே!”

“சொன்னேனே. ‘கல்யாணம் நாளைக்குத்தான், இன்னைக்கு மாப்பிள்ளைக்கு என்ன வேலை’ன்னு துருவியைக் கையில கொடுத்துட்டாங்க.”

செங்கமலம் அவர் கையைப் பிடித்து மணவறைக்கு இழுத்து வந்தாள். நிழலுக்கும் செங்கல்லுக்கும் நடுவில் ஒரு விரல் இடம் இருந்தது.

“ஏண்ணே,” என்று சடையப்பன் மெல்லக் கேட்டார், “நேத்தே வந்தவரு இன்னைக்குக் காலையில எப்படிப் படகுல இருந்தாரு?”

“அதான் இப்ப இல்லையே,” என்றார் பூவராகன்.

மாப்பிள்ளை தாலியைக் கையில் எடுத்தார். பட்டம்மாள் கையை உயர்த்தி, “கெட்டிமேளம்! கெட்டிமேளம்!” என்றாள்.

பந்தல் அமைதியாக இருந்தது. மேளக்காரர்கள் படகின் முன்முனையில் உட்கார்ந்து வந்தவர்கள். மாப்பிள்ளைக்கும் ஒருநாள் முன்னதாக வந்திறங்கி, கொட்டி முடித்துவிட்டு ஊருக்குப் போய்விட்டிருந்தார்கள்.